விதி ஏழு, உட்பிரிவு ஆ

சூரமங்கலம் மைதானத்தில் சுண்ணாம்புக் கோடு
இன்னும் காயவில்லை.
பந்தலுக்கடியில் நாங்கள் மூன்று பேர்,
மண்டலத் தகுதிக் குழு:
தலைவர் ஆத்தூர் தெய்வசிகாமணி,
உறுப்பினர் முபாரக் அலி,
செயலாளர் நான்.
மேசைமேல் ஓர் ஐந்நூறு ரூபாய் நோட்டு,
ஓரத்தில் யாரோ பேனாவால் போட்ட கூட்டல் கணக்கு.
ஆட்சேபணைக் கட்டணம்.
ஏற்றால் திரும்பும், தள்ளினால் மண்டலத்துக்கு.

வைத்தவர் ஏற்காட்டுக் கல்லூரி லூர்து சகாயம்.
விடியுமுன் இருபது கொண்டை ஊசி வளைவும் இறங்கி,
மூன்று பிள்ளைகள் வாந்தியெடுத்த பஸ்ஸிலிருந்து
நேராக மேசைக்கு வந்தார்.
ஆட்சேபணை என் அணி மேல்.
பன்னிரண்டு பெயரில் நாலாவது:
கோகிலவாணி, பி.ஏ. வரலாறு, இரண்டாம் ஆண்டு.

என் கல்லூரி என்பதால் எனக்கு ஓட்டு இல்லை.
எழுந்து போகவும் வழியில்லை,
நடவடிக்கைக் குறிப்பை யார் எழுதுவது?

அவள் முதலில் சேர்ந்தது பி.காம்.
ஒரு பருவம் படித்தாள். பணம் கட்ட முடியாமல் நின்றாள்.
மூன்று வருஷம் சிவதாபுரத்தில்
கொலுசுக்குப் பொடி வைத்து ஊதினாள்.
சுட்ட விரல் நுனிகளோடு மறுபடி வந்தாள்.
உட்கார்ந்திருப்பவள் முதுகில் தட்டி அவள் ‘கோ’ என்றால்
அடுத்த தெருவில் ஆட்டோ நிற்கும்.

“முதன்முதலாகக் கல்லூரியில் சேர்ந்த நாளிலிருந்து
நான்கு ஆண்டுகளுக்குள்.”
முபாரக் அலி சத்தமாக வாசித்தார்.
நல்ல வாக்கியம். சந்துபொந்து இல்லாத வாக்கியம்.
எழுதியது நான்.
மூன்றாவது தடவை முதலாமாண்டு சேர்ந்து
நரைத்த மீசையோடு கபடி ஆடிய ஒருவரைத் தடுக்க
நாலு வருஷம் முன்பு பொதுக்குழுவில்
தட்டுவடை செட் தின்றுகொண்டே எழுதியது.
‘முதன்முதலாக’ வேண்டுமென்று
அடம் பிடித்ததும் நான்தான்.
கைதட்டினார்கள்.

துரத்துகிறவள் ஒரு திசையில் அடியெடுத்து வைத்தால்
கம்பத்தைத் தாண்டும்வரை திரும்பக் கூடாது.
தோள் திரும்பினாலே ஃபவுல்.

தலைவர் என்னைப் பார்த்தார்.
நான் பேனாவைப் பார்த்தேன்.
‘ஆட்சேபணை ஏற்கப்பட்டது.’
ஐந்நூறு சகாயத்தின் சட்டைப்பைக்குள் போனது.
அவர் முகத்தில் சிரிப்பு இல்லை.
“ஒரு வருஷமாவது எங்க பிள்ளைங்க
மண்டலம் தாண்டட்டும் மேடம்” என்றார்,
என்னிடமா, பந்தல் காலிடமா.

கோகிலவாணி ஏன் என்று கேட்கவில்லை.
ஆட்டத்துக்காகக் கழற்றிய மூக்குத்தியை
மாட்டிக்கொண்டே கேட்டாள்:
“அப்ப இன்னைக்குப் படி கிடையாதா மேடம்?”
லீவு போட்டதில் பட்டறையில் முந்நூறு போயிற்று.
விளையாடினால் படி நூறு.

படிவத்தைத் திருப்பினேன்.
பின்பக்கம், கீழே, எந்த வருஷமும்
ஒருவரும் நிரப்பாத கட்டம்: அணி மேலாளர்.
ஆசிரியராக இருக்க வேண்டுமென்று எங்கும் இல்லை.
இருந்தால் எனக்குத் தெரியாமல் போகுமா?
மேலாளருக்கு நூற்றைம்பது.

பத்தேகாலுக்கு விசில்.
கோட்டுக்கு வெளியே பிளாஸ்டிக் நாற்காலியில்
மேலாளர் ஒரு நிமிஷம் உட்கார்ந்திருந்தார்.
இரண்டாம் நிமிஷம் நாற்காலிமேல் நின்றார்.
“எந்திரி ஜமுனா! கோ குடு! கம்பத்துக்கு ஓடு, கம்பத்துக்கு!”
உட்கார்ந்திருந்த எட்டு முதுகும்
அந்தக் குரலுக்கு நிமிர்ந்தன.

எதிர்ப்புறம் சகாயம் விதிப் புத்தகத்தை
எச்சில் தொட்டுத் தொட்டுப் புரட்டினார்.
பிறகு மைதானத்தைச் சுற்றிக்கொண்டு வந்தார்,
ஒரு கோட்டையும் மிதிக்காமல்.
மேசைமேல் வைத்தார்.
அதே ஐந்நூறு.
ஓரத்தில் அதே கூட்டல்.
இந்தத் தடவை போட்டுப் பார்த்தேன்,
ஏழு குறைகிறது.